முடி புழுவான கதை

குதிரை வாலிலிருந்து உதிர்ந்த முடி தண்ணீரில் சில நாள் ஊறினால் உயிர் பெற்றுப் புழுவாக நெளியும். ஐரோப்பாவில் பல நூற்றாண்டுகள் இப்படித்தான் நம்பினார்கள். பாமரர் மட்டுமல்ல, படித்தவர்களும். 13-ஆம் நூற்றாண்டில் விலங்குகளைப் பற்றிப் பெரிய நூல் எழுதிய ஆல்பர்ட்டஸ் மாக்னஸ் இதைப் பதிந்து வைத்திருக்கிறார். ஷேக்ஸ்பியரின் 'ஆண்டனியும் கிளியோபாட்ராவும்' நாடகத்தில் முதல் அங்கத்திலேயே ஆண்டனி அரசியல் பேசும்போது, அரைகுறையாக உயிர் வந்த குதிரைமுடியை உவமையாக எடுத்துவிடுகிறான். அதற்கு ஒரு சொல் விளக்கம்கூட இல்லை. கொட்டகையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தவனுக்கும் அது தெரிந்த சங்கதியாக இருந்திருக்க வேண்டும்.

இதைக் கேட்டுச் சிரிக்க நமக்கு அவ்வளவு உரிமை இல்லை. உயிர்கள் தோன்றும் வழி நான்கு என்று நம் நூல்கள் வகுத்தன: முட்டையில் பிறப்பவை அண்டசம், கருப்பையில் பிறப்பவை சராயுசம், வித்திலும் வேரிலும் பிறப்பவை உற்பிச்சம், வியர்வையிலும் ஈரத்திலும் பிறப்பவை சுவேதசம். பேனையும் புழுவையும் நான்காவதில் சேர்த்தார்கள். அதைவிட நெருக்கமான உதாரணம் குளவி. குளவி மண்கூட்டுக்குள் புழுவைக் கொண்டுபோய் வைத்துக் கொட்டிக்கொண்டே இருந்தால் புழு குளவியாகிவிடும் என்று இன்றும் மேடைகளில் சொல்கிறார்கள். குருவை நினைத்த சீடன் குருவாகவே ஆவான் என்பதற்கு அது எடுத்துக்காட்டு. கூட்டுக்குள் நடப்பது வேறு. குளவி புழுவைக் கொட்டி மரக்கவைத்து உள்ளே அடைக்கிறது, கூடவே தன் முட்டையையும் வைக்கிறது. முட்டையிலிருந்து வரும் குஞ்சு அந்தப் புழுவைத் தின்று வளர்ந்து குளவியாகி வெளியே வருகிறது. புழு உள்ளே போனதையும் குளவி வெளியே வந்ததையும் பார்த்தவர்கள் பொய் சொல்லவில்லை. நடுவில் இருந்த முட்டைதான் அவர்கள் கண்ணில் படவில்லை.

குதிரைமுடிக் கதையும் அச்சாக இதே மாதிரி. குதிரைகள் தண்ணீர் குடிக்கும் கல்தொட்டியை நினைத்துப் பாருங்கள். முடி உதிர்ந்து மிதப்பது அன்றாடம். ஒருநாள் காலையில் அதே தொட்டியில் முடியின் பருமனில், முழ நீளத்தில், பழுப்பாக ஒன்று சுருண்டு சுருண்டு அவிழ்கிறது. காலில்லை, கண்ணில்லை, தலை எது வால் எது என்று தெரியவில்லை. நேற்று மாலை அது அங்கே இல்லை. தொட்டிக்கு வாய்க்கால் கிடையாது, ஆற்றிலிருந்து நீந்தி வர வழியில்லை. இதைப் பார்த்தவன் முடிதான் உயிர் பெற்றது என்று நினைத்ததில் நான் குறை காணமாட்டேன். இரவோடு இரவாகத் தொட்டிக்குள் குதித்துச் செத்த பூச்சி ஒன்று தண்ணீரில் மிதந்திருக்கும். செத்த பூச்சியை யார் பொருட்படுத்தப் போகிறார்கள்?

1758-ல் உயிரினங்களுக்கு இரட்டைப் பெயர் சூட்டும் பணியில் இருந்த லின்னேயஸ் இந்தப் புழுவுக்குக் 'கார்டியஸ்' என்று பெயர் வைத்தார். பிரிஜியா நாட்டின் கார்டியம் நகரில் யாராலும் அவிழ்க்க முடியாத முடிச்சு ஒன்று இருந்ததாகவும், கி.மு. 333-ல் அங்கே வந்த அலெக்சாந்தர் அதை வாளால் வெட்டியதாகவும் ஒரு கதை உண்டு. அந்த முடிச்சுதான் பெயருக்கு மூலம். இணைசேரும் காலத்தில் இந்தப் புழுக்கள் பத்தும் இருபதுமாகப் பின்னிக்கொண்டு கிடக்கும். எந்த நுனி எந்த உடம்பைச் சேர்ந்தது என்று பிரித்துச் சொல்ல முடியாது. லின்னேயஸ் வைத்த பெயர்களில் பல உப்புச்சப்பில்லாதவை. இது அப்படியல்ல.

பெயர் கிடைத்தும் நம்பிக்கை போகவில்லை. கடலைத் தாண்டி அமெரிக்காவுக்கும் போயிருந்தது. பிலடெல்பியாவில் ஜோசப் லெய்டி என்ற உடற்கூற்று அறிஞர் இருந்தார். 1846-ல் பன்றி இறைச்சியில் டிரிக்கினா புழுவைக் கண்டு சொன்னவர். புதைந்த எலும்புகளை வைத்து டைனோசருக்குப் பெயர் சூட்டியவர். இவ்வளவு பெரிய மனிதர் குதிரைமுடிகளைத் தண்ணீரில் போட்டு வைத்து மாதக்கணக்கில் பார்த்தார். முடி முடியாகவே கிடந்தது. இதை 1870-ல் ஒரு பூச்சியியல் இதழில் சிரிக்காத முகத்தோடு எழுதினார். எல்லோரும் நம்பியதை யாராவது ஒருவர் உட்கார்ந்து பார்க்க வேண்டியிருந்தது, அவ்வளவுதான். செலவு ஒரு குவளைத் தண்ணீர்.

முடியிலிருந்து வரவில்லை. அப்படியானால் எங்கிருந்து வருகிறது?

தண்ணீரில் தாய்ப்புழு இடும் முட்டைகள் லட்சக்கணக்கில் வெள்ளைச் சரடுகளாக நீரில் தொங்கும். பொரிந்து வரும் குஞ்சு ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு அளவுதான். முகத்தில் துளையிடும் கொக்கிகள் இருக்கும். நீந்தத் தெரியாது. நீரடியில் கிடந்து, அங்கே வாழும் ஈசல்போன்ற பூச்சிகளின், கொசு இனத்துச் சிறு ஈக்களின் இளம்புழுக்களுக்குள் புகுகிறது. புகுந்ததும் தன்னைச் சுற்றி ஓர் உறையைக் கட்டிக்கொண்டு உறங்கிவிடுகிறது. அந்த நீர்ப்புழு வளர்ந்து, இறக்கை முளைத்துப் பறந்து போனாலும் உறை கலைவதில்லை. புழு இப்போது கரையேறிவிட்டது, கூலி கொடுக்காத விமானத்தில்.

அந்த ஈயை ஏதாவது ஒன்று பிடித்துத் தின்ன வேண்டும். பிடித்துத் தின்பதற்கென்றே பிறந்த ஒரு பூச்சி செடியில் கைகூப்பி நிற்கிறது. நம் ஊரில் கும்பிடுபூச்சி என்கிறோம். முன்னங்கால்களை மடக்கி மேலும் கீழும் ஆட்டுவதைப் பார்த்துத் தயிர்கடைப்பூச்சி என்றும் சொல்வதுண்டு. கிரேக்கர்கள் தீர்க்கதரிசி என்ற பொருளில் 'மாண்டிஸ்' என்றார்கள். எல்லா ஊரிலும் இதைச் சாமியாராகவே பார்த்திருக்கிறார்கள், இரையாகப் போகும் ஈ மட்டும்தான் சரியாகப் பார்த்திருக்கும்.

ஈயோடு சேர்ந்து உறையும் உள்ளே போகிறது. குடலில் உறை கரைய, கொக்கியால் குடற்சுவரைத் துளைத்து உடற்குழிக்குள் நுழைகிறது புழு. அங்கே வாயால் எதையும் தின்பதில்லை. கும்பிடுபூச்சியின் உடற்சாற்றிலிருந்து வேண்டியதைத் தோல் வழியாகவே உறிஞ்சுகிறது. வாரக்கணக்கில் வளர்ந்து, வீட்டுக்காரரைவிடப் பல மடங்கு நீளமாகி, அடிவயிற்றுக்குள் மடிந்து மடிந்து கிடக்கும். பூச்சியின் இனப்பெருக்க உறுப்புகள் குன்றிப்போகும். உயிருக்கு மட்டும் பழுதில்லை. வேட்டையாடும், தின்னும், நடக்கும். ஒரே ஒரு குறை, இனி அது தின்பது யாருக்காக என்பதுதான்.

கும்பிடுபூச்சியில் வாழும் இனங்களுக்குக் 'கார்டோடீஸ்' என்று பெயர். ஜப்பானில் இவற்றைக் கம்பிப்புழு என்ற பொருள்பட 'ஹரிகனே முஷி' என்கிறார்கள். அங்கே பூச்சி பிடிக்கும் சிறுவர்களுக்கு ஒரு விளையாட்டு தெரியும். வயிறு பருத்த கும்பிடுபூச்சியைப் பிடித்து அதன் பின்பக்கத்தைத் தண்ணீரில் தொட வைப்பார்கள். சில நொடிகளில் கறுத்த கம்பி ஒன்று நெளிந்து நெளிந்து வெளியே வரும், வந்துகொண்டே இருக்கும். இதைப் படமாகப் பார்க்கிறவர்கள் முகத்தைச் சுளிப்பார்கள். மனிதரை இது ஒன்றும் செய்யாது. நம் உடம்பில் வாழத் தெரியாத புழு.

வளர்ந்த புழுவுக்கு இணை தண்ணீரில்தான் கிடைக்கும். கும்பிடுபூச்சிக்குத் தண்ணீரில் ஒரு வேலையும் கிடையாது, நீந்தவும் தெரியாது. இருந்தும் நீர்நிலைகளில் அது மூழ்கிக் கிடப்பதைப் பார்த்தவர்கள் உண்டு. தாகத்துக்கு வந்து தவறி விழுந்திருக்கும் என்று ஒரு காலத்தில் நினைத்தார்கள். வேண்டுமென்றே குதிக்கிறதா என்ற கேள்விக்கு ஒழுங்கான சோதனை வர 2002 ஆனது. அதுவும் கும்பிடுபூச்சியில் அல்ல, இதே குலத்துப் புழு குடியிருக்கும் சிள்வண்டில், ஒரு நீச்சல்குளத்தங்கரையில்.

தென் பிரான்சில் காட்டை ஒட்டிய அவேன் என்ற ஊற்றுநீர்க் குளியல் ஊர். கோடை இரவுகளில் அங்கே நீச்சல்குளத்துக்குள் காட்டுச் சிள்வண்டுகள் வந்து குதித்தன. ஒவ்வொன்றிலிருந்தும் புழு வெளியேறியது. பிரெடெரிக் தோமா என்ற ஆய்வாளரும் கூட்டாளிகளும் இரவிரவாகக் குளத்தைக் காவல் காத்து, பூச்சிகளைப் பிடித்து, இரண்டாகப் பிரியும் குழாயில் விட்டுப் பார்த்தார்கள். ஒரு கிளையின் முடிவில் தண்ணீர், இன்னொன்றில் இல்லை. புழு உள்ள சிள்வண்டுகள் தண்ணீர்க் கிளையைக் கூடுதலாகத் தேர்ந்தெடுக்கவில்லை. தூரத்திலிருந்து தண்ணீரை மோப்பம் பிடிக்கும் திறமை எதுவும் அவற்றுக்கு வந்துவிடவில்லை. ஆனால் தண்ணீர் ஓரத்துக்கு வந்துவிட்டால் கதை மாறியது. புழு இல்லாதவை விலகின, புழு உள்ளவை குதித்தன. முதலில் வழக்கமான இடத்தை விட்டுத் தாறுமாறாக அலைய வைப்பது, பிறகு நீரைக் கண்டதும் உள்ளே இறக்குவது என்று வேலை இரண்டு படியாக நடக்கிறது. ஆட்டுவிக்கும் கயிறு ஒன்றல்ல.

குதித்த பூச்சியை மீனோ தவளையோ விழுங்கிவிட்டால்? 2006-ல் இதே குழுவினர் அதையும் பார்த்தார்கள். விழுங்கியவனின் வாய் வழியாக, மூக்கு வழியாக, மீனென்றால் செவுள் வழியாக, புழு நெளிந்து தப்பி வந்தது.

மீன்களுக்கு இது விருந்துதான். ஜப்பானின் கீ தீபகற்பத்து மலையோடைகளில் சாதோ தகுயாவும் மற்றவர்களும் கணக்கெடுத்தபோது, அங்குள்ள ஒரு வகைச் சால்மன் இன மீன் ஆண்டு முழுவதும் பெறும் ஆற்றலில் சுமார் 60 சதவீதம், புழுவால் ஓடைக்குள் தள்ளப்பட்ட சிள்வண்டு வகைப் பூச்சிகளிடமிருந்தே வந்தது. 2011-ல் வந்த இந்தக் கணக்கை முதலில் படித்தபோது எண் அச்சுப்பிழையோ என்றுதான் எனக்குத் தோன்றியது. யாரும் நின்று பார்க்காத ஒரு முடிப்புழு, காட்டின் கொழுப்பை அள்ளி ஆற்றுக்குள் கொட்டிக்கொண்டிருக்கிறது.

சரி, கும்பிடுபூச்சிக்குத் தண்ணீர் எப்படித் தெரிகிறது? வெயிலில் குளத்தங்கரையில் நின்றவர்களுக்குக் கண்ணைக் கூசவைக்கும் அந்தப் பளபளப்பு தெரியும். சூரிய ஒளியின் அலைகள் எல்லாத் திசையிலும் அதிர்பவை. நீர்ப்பரப்பில் பட்டுத் தெறிக்கும்போது படுக்கைவாட்டில் அதிர்பவை மட்டும் மிகுந்து நிற்கும். நம் பாடப்புத்தகத்தில் தளவிளைவு என்று படித்தோமே, அது. மீன்பிடிக்கப் போகிறவர்கள் போடும் போலராய்டு கூலிங்கிளாஸ் இந்த ஒளியைத்தான் வெட்டுகிறது. பூச்சிகள் பலவற்றுக்குக் கண்ணாடி இல்லாமலே இந்த வேறுபாடு தெரியும். 2021-ல் கோபே பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர்கள் ஒரு சோதனை வெளியிட்டார்கள். மரத்தில் வாழும் ஹைரோடியூலா இனக் கும்பிடுபூச்சிகளுக்கு இரண்டு குளங்கள் காட்டினார்கள். ஒன்று பார்வைக்கு வெளிச்சமானது, ஆனால் படுக்கைவாட்டு ஒளி குறைவு. மற்றது மங்கல், ஆனால் அந்த ஒளி மிகுதி. புழு இருந்தவற்றில் பெரும்பாலானவை மங்கலான குளத்துக்குள் போய் விழுந்தன. ஆக அவை வெளிச்சத்தைத் தேடவில்லை, தண்ணீரின் கையொப்பத்தைத் தேடின. புழு இல்லாதவற்றுக்கு அந்த நாட்டமில்லை.

பூச்சியின் கண்ணும் மூளையும் பூச்சியுடையவை. மூளை என்று சொல்ல ஒன்றும் பெரிதாக இல்லாத புழு, வயிற்றுக்குள் கிடந்துகொண்டு அதை எப்படித் திருப்புகிறது? 2005-லேயே பிரான்சில் ஒரு துப்பு கிடைத்திருந்தது. தத்துக்கிளி வகைப் பூச்சியிலிருந்த புழு சுரக்கும் புரதங்களில் சில, பூச்சியின் சொந்தப் புரதங்களைப் போலவே இருந்தன. திருடன் வீட்டுக்காரரின் குரலில் பேசுகிற மாதிரி. அந்தக் குரலை எங்கே கற்றது என்பது தெரியாமல் இருந்தது.

2023-ல் மிஷினா தப்பேய், சாதோ தகுயா முதலியோரின் குழு தந்த விடை இந்தக் கதையிலேயே தைரியமானது. கம்பிப்புழு உள்ள கும்பிடுபூச்சிகளை எடுத்து, ஆட்டுவிப்புக்கு முன்னும் நடக்கும்போதும் பின்னும் எந்த மரபணுக்கள் விழித்திருக்கின்றன என்று பார்த்தார்கள். பூச்சியின் மூளையில் பெரிய மாற்றம் தென்படவில்லை. புழுவிலோ 3,000-க்கு மேற்பட்ட மரபணுக்கள் அந்தச் சமயத்தில் உரத்துப் பேசின, 1,500 போல அடங்கின. வேலை முழுவதும் புழு பக்கமே நடக்கிறது. அந்தப் புழுவின் மரபணுக்களைப் புரட்டியபோது 1,400-க்கும் மேற்பட்டவை கும்பிடுபூச்சியின் மரபணுக்களோடு ஒத்துப்போயின. கும்பிடுபூச்சியில் வாழாத மற்றக் குதிரைமுடிப் புழுக்களில் அவை இல்லை, அல்லது வேறு மாதிரி இருந்தன. ஒளிநாட்டம், நாள்பொழுது உணர்வு, நரம்புச் செய்தி ஆகியவற்றோடு தொடர்புடையவையும் அவற்றில் உண்டு. தாய் தகப்பன் வழியாக வராமல், குடியிருந்த வீட்டிலிருந்தே, ஒருமுறையல்ல பலமுறை, புழு அவற்றை எடுத்துக்கொண்டிருக்க வேண்டும் என்பது அவர்கள் வாதம்.

பாக்டீரியாக்களுக்கிடையே மரபணு கைமாறுவது சகஜம். விலங்கிலிருந்து விலங்குக்கு, அதுவும் ஆயிரத்துக்கு மேல் என்பது சகஜமல்ல. கும்பிடுபூச்சியின் வயிற்றுக்குள் ஊறிக்கிடந்த புழுவை எடுத்து ஆராயும்போது பூச்சியின் மரபணுத் துணுக்குகள் ஒட்டிக்கொண்டு வராமல் இருந்தனவா என்ற சந்தேகம் எனக்கு உண்டு. தொட்டியில் முடி மிதந்தது, அதே தொட்டியில் புழு நெளிந்தது, ஆகவே முடி புழுவானது என்ற தர்க்கத்தை இப்போதுதான் பார்த்துவிட்டு வந்தோம். லெய்டி மாதிரி வேறு யாராவது உட்கார்ந்து மறுபடி பார்க்கட்டும். உண்மையென்று நிலைத்தால், முடியிலிருந்து புழு பிறந்தது என்ற பழைய கதையைவிட இது விசித்திரமானது: கும்பிடுபூச்சியை ஆட்டுவிப்பது கும்பிடுபூச்சியிடமிருந்தே எடுத்த பொருளால்.

அதே ஆண்டில் வந்த இன்னோர் ஆய்வு இதற்கு நேர் எதிர்த்திசையில் போகிறது. தவ்வானா கூன்யாவும் கூட்டாளிகளும் குதிரைமுடிப் புழு இனங்கள் இரண்டின் மரபணுத் தொகுப்பைப் படித்தார்கள். ஒன்று நன்னீரில் வாழ்வது, மற்றது கடலில். விலங்குகளிடம் பொதுவாக எதிர்பார்க்கப்படும் மரபணுக்களில் கிட்டத்தட்ட 30 சதவீதம் இரண்டிலும் இல்லை. செல்களின் மேல் மயிரிழைபோல் அசையும் குற்றிழைகளை உண்டாக்கும் மரபணுக்களும் காணாமல் போனவற்றில் அடக்கம். மயிரைப் பெயராகக் கொண்ட புழுவுக்கு உடம்பில் அந்த மயிரிழை இல்லை. அதன் குலத்தார் சொந்தச் சொத்தை விற்றுத் தின்றதற்கு ஆதாரம் இருக்கிறது, பக்கத்து வீட்டுச் சொத்தைப் பிடித்தார்களா என்பதுதான் வழக்கு.

இந்தக் குடித்தனம் எப்போது தொடங்கியது என்று யாரும் நாள் குறிக்க முடியாது. பர்மாவில் கிடைக்கும் சுமார் 10 கோடி ஆண்டுப் பழைய மரப்பிசின் கட்டி ஒன்றில் குதிரைமுடிப் புழு சிக்கியிருக்கிறது. 2006-ல் அதை விவரித்தவர்கள் ஜார்ஜ் போய்னரும் ரான் பக்லியும். டைனோசர்கள் நடமாடிய காலத்தின் புழு. பிசின் மரத்திலிருந்து வடிவது, புழு இருக்க வேண்டியது தண்ணீரில். ஏதோவொரு பூச்சியிலிருந்து வெளியேறிய நேரத்தில் தப்பான ஈரத்தில் இறங்கியிருக்கிறது.

தப்பான ஈரம் இன்று அதிகமாகிவிட்டது. தார்ச்சாலையும் படுக்கைவாட்டு ஒளியை வலுவாகத் தெறிக்கும். ஹங்கேரியில் ஆற்றுப் பூச்சிகள் தண்ணீரென்று நம்பித் தார்மேல் முட்டையிடுவதை 1990-களிலேயே கண்டு எழுதினார்கள். 2024-ல் ஜப்பானிலிருந்து வந்த ஆய்வு, தார்ச்சாலையில் ஊர்ந்துகொண்டிருந்த ஹைரோடியூலாக்களைப் பொறுக்கிப் பார்த்தது. மரத்தை விட்டு இறங்காத பூச்சிகள் அவை. சாலையில் அகப்பட்டவற்றில் பெரும்பாலானவற்றின் வயிற்றில் புழு இருந்தது.

கும்பிடுபூச்சியைத் தண்ணீருக்கு ஓட்டிச்செல்லப் புழு கற்றுக்கொண்ட வித்தை பழுதில்லாமல் வேலை செய்கிறது. வெயில் ஏறிய சாலையில், வண்டிகள் போகும் வழியில், முன்னங்கால்களை மடக்கிக்கொண்டு பூச்சி நடக்கிறது. சக்கரத்தில் அரைபட்டால் உள்ளிருப்பது வெளியே வரும். காற்றில் சற்று நேரம் நெளிந்து, ஈரம் வற்றி, பழுப்பாகச் சுருண்டு விறைத்துவிடும். அதன்பின் அந்த வழியே வருகிறவர் குனிந்து பார்த்தால் ஏதோ குதிரைவால் முடி என்றுதான் நினைப்பார்.